பொன்வயலும் பொன்னியின் செல்வனும்

கோலார் தங்கவயல் தமிழர் வரலாற்றில், சாம்பியன் ரீஃப் பகுதியில் இயங்கிய சித்தார்த்தா புத்தகசாலையைப் பற்றிச் சென்ற இதழில் பார்த்தோம். அயோத்திதாசப் பண்டிதர் 1907-ல் தொடங்கிய 'தமிழன்' இதழ் அவர் மறைவோடு தளர்ந்துபோனது. அதை 1920-களில் தங்கவயலிலிருந்து மறுபடி நடத்தியவர் ஜி. அப்பாதுரையார். வடாற்காட்டிலிருந்தும் சித்தூர், சேலம் பக்கங்களிலிருந்தும் வந்து, தட்டி வீடுகளில் குடியிருந்து, பூமிக்குள் இறங்கி உழைத்த மக்கள் அச்செழுத்தை எவ்வளவு மதித்தார்கள் என்பதற்கு அந்த ஒரு செய்தி போதும்.

இந்த இதழில் அதே வாசிப்பின் இன்னொரு கிளையைப் பார்க்கப்போகிறோம். வாரப் பத்திரிகையில் வந்த ஒரு தொடர்கதை ஐந்து பாகப் புத்தகமாகி, வெள்ளித்திரைக்கு வர எழுபது ஆண்டுகளுக்குமேல் காத்திருந்த வரலாறு இது. கதை நடப்பது தஞ்சையிலும் பழையாறையிலும் ஈழத்திலும். ஆனால் அதன் வேர் ஒன்று கோலார் மண்ணுக்குள் ஓடுகிறது. அதைத் தொட்டுக்கொண்டுதான் தொடங்க வேண்டும்.

வீரநாராயண ஏரியும் குவளாலபுரமும்

கல்கியின் 'பொன்னியின் செல்வன்' ஆடிப்பெருக்கு நாளில் வீரநாராயண ஏரிக்கரையில் தொடங்குகிறது. கதையின் நாயகன் வந்தியத்தேவன் குதிரைமீது வருகிறான். அந்த ஏரியை வெட்டுவித்தவன் முதற்பராந்தக சோழனின் மூத்த மகன் ராஜாதித்தன். அவன் 949-ஆம் ஆண்டு வாக்கில் தக்கோலப் போரில் யானைமீது இருந்தபடியே மாண்டான். ராஷ்டிரகூட மன்னன் மூன்றாம் கிருஷ்ணனுக்குத் துணையாக நின்று அவனைக் கொன்றவன் கங்க மன்னன் இரண்டாம் பூதுகன்.

கங்கர்களின் முதல் தலைநகரம் குவளாலபுரம். இன்றைய கோலார் அதுதான். தலைநகரைத் தலக்காட்டுக்கு மாற்றிக்கொண்ட பிறகும், 'குவளாலபுரத்தின் தலைவன்' என்று சொல்லிக்கொள்வதைக் கங்கர்கள் விடவில்லை. பூதுகன் ராஜாதித்தனைக் கொன்ற செய்தியைச் சொல்லும் ஆதகூர்க் கல்வெட்டு இப்போது பெங்களூரு அரசு அருங்காட்சியகத்தில் இருக்கிறது. தக்கோலமோ அரக்கோணத்துக்குப் பக்கத்தில், பழைய வடாற்காட்டு மண்ணில் இருக்கிறது. தங்கவயலுக்கு வேலை தேடிவந்த பல குடும்பங்களின் பூர்வீகமும் அந்த வட்டாரந்தான்.

சோழர் வீட்டின் அந்தக் காயந்தான் நாவல் முழுக்க அடியில் ஓடுகிறது. ராஜாதித்தன் பட்டத்துக்கு வராமல் மாண்டதால் அரசுரிமை கண்டராதித்தர் கிளைக்கும் அரிஞ்சயர் கிளைக்கும் மாறிமாறிப் போனது. பழுவேட்டரையர்களின் சதியும், கண்டராதித்தர் மகனாக வளர்ந்த மதுராந்தகனின் ஆசையும், அரிஞ்சயர் பேரன் ஆதித்த கரிகாலனின் கொதிப்பும் அங்கிருந்தே முளைக்கின்றன.

சினிமாப் பணத்தில் பிறந்த பத்திரிகை

கல்கிக்கும் சினிமாவுக்கும் உள்ள உறவு பலர் நினைப்பதைவிடப் பழையது. 'தியாகபூமி' ஆனந்த விகடனில் வந்தபோது, கே. சுப்ரமணியம் இயக்கிக்கொண்டிருந்த படத்தின் புகைப்படங்களே தொடர்கதைக்கு ஓவியமாக அச்சாயின. படமும் தொடரும் ஒன்றுக்கொன்று தோள்கொடுத்து வளர்ந்தன. 1939-ல் வெளிவந்த அந்தப் படத்தை மறு ஆண்டு ஆங்கில அரசு தடைசெய்தது.

விகடனிலிருந்து வெளியேறிய கல்கி, 1941-ல் நண்பர் டி. சதாசிவத்தோடு சேர்ந்து 'கல்கி' வார இதழைத் தொடங்கினார். அதற்கு முதல் எங்கிருந்து வந்தது? சதாசிவத்தின் மனைவி எம்.எஸ். சுப்புலட்சுமி 'சாவித்திரி' படத்தில் நாரதராக நடித்து ஈட்டிய பணத்திலிருந்து. சினிமா தந்த பணத்தில் பிறந்த பத்திரிகையில்தான், சினிமாவை இத்தனை காலம் காக்கவைத்த நாவல் பிறந்தது.

1950 அக்டோபர் இறுதியில் தொடங்கிய 'பொன்னியின் செல்வன்' 1954 மே வரை வாரம் தவறாமல் வந்தது. மூன்றரை ஆண்டு. கே.ஏ. நீலகண்ட சாஸ்திரியும் சதாசிவப் பண்டாரத்தாரும் எழுதிய சோழர் வரலாறுகளைக் கல்கி கரைத்துக் குடித்திருந்தார். இடங்களை நேரில் பார்க்க இலங்கைவரை போய்வந்தார். ஆதித்த கரிகாலனைக் கொன்ற ரவிதாசன் முதலியோரின் பெயரைச் சொல்லும் உடையார்குடிக் கல்வெட்டுதான் கதையின் அச்சாணி. மணியம் வரைந்த ஓவியங்கள் குந்தவைக்கும் நந்தினிக்கும் முகம் கொடுத்தன. அந்த முகங்களையே தமிழர்கள் மனத்தில் வைத்துக்கொண்டார்கள். இதழின் விற்பனை வாரத்துக்கு 70,000 பிரதிகளைத் தாண்டியது.

பிரதிகள் 70,000 என்றால் வாசகர் அதைப்போலப் பலமடங்கு. ஓர் இதழ் ஒரு தெருவையே சுற்றிவரும் காலம் அது. படிக்கத் தெரிந்தவர் உரக்கப் படிப்பார், மற்றவர்கள் கேட்பார்கள். சென்னையிலிருந்து பெங்களூர் போகும் ரயில்பாதையில் பங்காருப்பேட்டையில் இறங்கி, கிளைப்பாதையில் மாரிகுப்பம் வந்தால் தங்கவயல். சென்னையில் அச்சானது மறுநாளே இங்கே வந்துசேர இரும்புப்பாதை இருந்தது. தொடர் முடிந்த 1954-ல் சுரங்கங்கள் இன்னும் ஜான் டெய்லர் கம்பெனியின் நிர்வாகத்தில் இருந்தன. மைசூர் அரசு அவற்றை எடுத்துக்கொண்டது 1956-ல்.

அதே 1954-ல் கல்கியின் 'பொய்மான் கரடு' கதை டி.ஆர். ராமச்சந்திரன் நடித்துப் படமாக வந்தது. அந்தப் படத்தின் பெயர் 'பொன்வயல்'. கதைக்கும் நம் ஊருக்கும் சம்பந்தமில்லை. ஆனாலும் தங்கவயல்காரர் காதில் அந்தப் பெயர் தனியாகத்தான் ஒலிக்கும். மறு ஆண்டு வி.எஸ். ராகவன் இயக்கத்தில் 'கள்வனின் காதலி', 1960-ல் டி. யோகானந்த் இயக்கத்தில் 'பார்த்திபன் கனவு' என்று கல்கியின் நாவல்கள் வரிசையாகத் திரைக்குப் போயின. 1954 டிசம்பர் 5-ஆம் தேதி மறைந்த கல்கி இவற்றில் பலவற்றைப் பார்க்கவில்லை.

பெரிய நாவல் மட்டும் நின்றுவிட்டது.

எம்.ஜி.ஆர். எடுக்க நினைத்த படம்

1958. 'நாடோடி மன்னன்' படத்தைத் தயாரித்து இயக்கி வெற்றிபெற்ற எம்.ஜி.ஆர்., அதே ஆண்டு 'பொன்னியின் செல்வன்' உரிமையை 10,000 ரூபாய்க்கு வாங்கிப் படத்தை அறிவித்தார். வைஜயந்திமாலா, பத்மினி, சாவித்திரி, சரோஜாதேவி, ஜெமினி கணேசன், நம்பியார், டி.எஸ். பாலையா என்று நீண்டது நடிகர் பட்டியல்.

திரைக்கதை எழுத அவர் அழைத்த இளைஞர் பின்னாளில் இயக்குநர் மகேந்திரனாக நாம் அறிந்தவர். காரைக்குடி அழகப்பா கல்லூரி விழாவில், எம்.ஜி.ஆர். முன்னிலையிலேயே தமிழ் சினிமாவின் செயற்கைத்தனத்தைக் கண்டித்துப் பேசிய மாணவர் அவர். கோபப்படாமல் பாராட்டிய எம்.ஜி.ஆர்., சில காலம் கழித்து அவரிடமே இந்த வேலையை ஒப்படைத்தார். 1959-ல் சீர்காழியில் நாடகமேடையில் எம்.ஜி.ஆருக்குக் கால் முறிந்தது. பல மாதங்கள் படுக்கை. உரிமையைப் பிறகு புதுப்பித்தும் படம் நகரவில்லை.

மகேந்திரனின் அந்த உழைப்பு படமாகவில்லை என்றாலும் வீண்போகவில்லை. பக்கம் பக்கமான உரையாடலை எப்படிச் சுருக்குவது, எழுத்தாளர் சொன்னதில் எதைக் காட்சிக்கு விடுவது என்பதை அவர் அங்கே படித்திருக்க வேண்டும். கல்கி இதழின் வெள்ளிவிழாப் போட்டியில் முதற்பரிசு பெற்ற உமாசந்திரனின் 'முள்ளும் மலரும்' நாவலை அவர் 1978-ல் படமாக்கியபோது, நாவலுக்கு அடிமையாகாமலும் அதன் உயிரைக் கொல்லாமலும் எடுத்தார். தமிழில் நாவலைத் திரைக்குக் கொண்டுபோன முயற்சிகளில் இன்றும் அது உயர்ந்து நிற்கிறது.

பெங்களூரில் ஒரு துணைக்கதை

ஒரே எழுத்தாளரின் தொடர்வரிசை என்றால் நமக்கு அருகிலேயே இன்னொரு உதாரணம் உண்டு. பெங்களூர் பாரத் எலெக்ட்ரானிக்ஸ் நிறுவனத்தில் பொறியாளராக இருந்த சுஜாதா எழுதிய கணேஷ்–வசந்த் கதைகள். 'ப்ரியா' 1978-ல் எஸ்.பி. முத்துராமன் இயக்கத்தில் படமானது. வக்கீல் கணேஷாக ரஜினிகாந்த். தமிழிலும் கன்னடத்திலும் எடுத்தார்கள்.

சுஜாதாவின் வரிசையில் ஒவ்வொரு வழக்கும் தனிக்கதை. ஒன்றை எடுத்தால் மற்றது அப்படியே இருக்கும். கல்கியின் ஐந்து பாகமோ ஒரே கயிறு. புதுவெள்ளம், சுழற்காற்று, கொலைவாள், மணிமகுடம், தியாகச் சிகரம் என்று ஒன்றின் முடிச்சு அடுத்ததில்தான் அவிழும். பாதியில் வெட்டினால் மீதி தொங்கும். முழுதும் எடுக்கலாம் என்றாலோ ஒரு படத்தின் மூன்று மணி நேரம் போதாது. அறுபது ஆண்டுகள் தடுத்து நிறுத்திய முட்டுக்கட்டைகளில் பணத்துக்குச் சமமாக இதையும் சொல்ல வேண்டும்.

மூன்று முயற்சியும் ஒரு நாடகமும்

'நாயகன்' வெளிவந்த பிறகு, 1980-களின் இறுதியில் கமல்ஹாசனும் மணிரத்னமும் சேர்ந்து இந்த நாவலைக் கையில் எடுத்தார்கள். செலவுக்கு ஈடாக வசூல் வரும் சந்தை அன்று தமிழுக்கு இல்லை. கைவிட்டார்கள்.

1999-ல் இரண்டு காரியங்கள் நடந்தன. தமிழக அரசு கல்கியின் எழுத்துகளை நாட்டுடைமையாக்கியது. யார் வேண்டுமானாலும் அச்சிடலாம் என்றானதும் மலிவுப் பதிப்புகள் ஊர்தோறும் புத்தகக்கடைகளில் குவிந்தன. அதே ஆண்டு, மேஜிக் லாண்டர்ன் குழு சென்னை நந்தனம் ஒய்.எம்.சி.ஏ. மைதானத்தில் நாவலை மேடையேற்றியது. நாடகமாக்கியவர் இளங்கோ குமரவேல். ஐந்து பாகத்தை ஒரே இரவில் சொல்லிமுடிக்க முடியும் என்று முதலில் காட்டியது அந்த மேடைதான். பிறகு மணிரத்னத்தின் படத்துக்குத் திரைக்கதையில் பங்கேற்றவரும் அதே குமரவேல்.

2011 வாக்கில் மணிரத்னம் மீண்டும் முயன்றார். ஜெயமோகன் எழுத, விஜய், மகேஷ்பாபு போன்றோர் நடிக்க இருந்த அந்தத் திட்டமும் செலவுக் கணக்கில் நின்றுபோனது. 2019-ன் இறுதியில் தாய்லாந்தில் படப்பிடிப்பு தொடங்கியது. இடையில் கொரோனா வந்து மறித்தது. நியூசிலாந்தில் பீட்டர் ஜாக்சன் டோல்கீனின் மூன்று பாக நாவலை ஒரே மூச்சில் எடுத்து ஆண்டுக்கொன்றாக வெளியிட்டதுபோல, மணிரத்னமும் இரண்டு பாகத்தையும் சேர்த்தே எடுத்தார். 2022 செப்டம்பர் 30-ல் முதல் பாகம், 2023 ஏப்ரல் 28-ல் இரண்டாம் பாகம். தமிழோடு கன்னடத்திலும் வந்தது. முதல் பாகம் சிறந்த தமிழ்ப்படம், பின்னணி இசை, ஒளிப்பதிவு, ஒலி வடிவமைப்பு என நான்கு தேசிய விருதுகளைப் பெற்றது.

எதை விட்டார்கள்?

இரண்டு பாகமும் சேர்ந்து ஐந்தரை மணி நேரம். நாவலோ ஏறத்தாழ முந்நூறு அத்தியாயம். அப்படியானால் ஒரு அத்தியாயத்துக்குக் கிடைப்பது ஒரு நிமிடத்துக்குச் சற்றே அதிகம். திரைக்கதை எழுதுபவரின் முதல் வேலை விடுவதுதான் என்பது இந்தக் கணக்கிலேயே தெரிகிறது.

வந்தியத்தேவனை ஒருதலையாகக் காதலித்துச் சித்தம் கலங்கும் கடம்பூர் மணிமேகலையை விட்டார்கள். நாவலைப் படித்து அழுதவர்களுக்கு அது பெரிய இழப்பு. ஆனால் அவளை எடுத்தால் கடம்பூர் மாளிகையில் மட்டும் ஒரு மணி நேரம் நின்றிருக்க வேண்டும். கரிகாலன்–நந்தினியின் இளமைக் காதலை நாவல் நினைவாக, பிறர் வாய்மொழியாகத் துளித்துளியாகச் சொல்கிறது. படம் அதையே இரண்டாம் பாகத்தின் தொடக்கத்தில் நேராகக் காட்டியது. இந்த மாற்றத்தை நான் முழுமனத்தோடு ஏற்கிறேன். வாரம்தோறும் ஒரு மர்மத்தைத் தொங்கவிட்டு வாசகரை அடுத்த இதழுக்கு இழுப்பது தொடர்கதையின் தேவை. இருட்டரங்கில் ஒரே அமர்வில் பார்ப்பவருக்கு நந்தினி யார் என்ற புதிரைவிட அவள் ஏன் எரிகிறாள் என்பது முக்கியம்.

ஏற்க முடியாதது முடிவு. நாவலின் கடைசிப் பாகத்தில், அதுவரை மதுராந்தகன் என்று நாம் நம்பியவன் கண்டராதித்தரின் மனைவி செம்பியன் மாதேவியின் பிள்ளையே இல்லை என்று தெரிகிறது. பூக்கட்டித் தேவாரம் பாடித் திரிந்த சேந்தன் அமுதன்தான் உண்மையான மதுராந்தகன். பொன்னியின் செல்வனான அருள்மொழி தன் தலைக்கு வந்த மகுடத்தை எடுத்து அந்த எளியவன் தலையில் வைக்கிறான். 'தியாகச் சிகரம்' என்று அந்தப் பாகத்துக்குக் கல்கி பெயர் வைத்தது இதற்காகத்தான். படத்தில் மகுடம், பேராசையோடு அலைந்த மதுராந்தகனுக்கே போகிறது. நேரம் மிச்சமாயிற்று, குழப்பம் குறைந்தது. ஆனால் கேட்டவனுக்குக் கொடுப்பதற்கும் கேட்காதவனைத் தேடிக் கொடுப்பதற்கும் வித்தியாசம் இருக்கிறது. சிகரம் சற்றுத் தாழ்ந்துவிட்டது.

நாவலில் இல்லாத ஒன்றையும் படம் சேர்த்தது: ராஷ்டிரகூடர்களோடு போர். முதல் பாகம் அதில் தொடங்குகிறது, இரண்டாம் பாகத்தின் உச்சமும் அதுவே. நாவலில் பின்னணியாக மட்டும் இருந்த தக்கோலத்துப் பகை, படத்தில் கண்முன் வந்து நின்றது. திரைக்கு ஒரு போர்க்களம் வேண்டியிருந்தது என்பது ஒரு காரணம். சோழநாட்டுக் கதையைக் கன்னட நாட்டின் வரலாற்றோடு அது சேர்த்துக்கட்டியது என்பதால், எல்லையில் வாழும் நமக்கு அது முக்கியமான சேர்க்கை.

இந்த ஐந்து பாகத்துக்கு உகந்த வடிவம் தொலைக்காட்சித் தொடர்தான் என்பது என் துணிபு. வாரம் ஒரு அத்தியாயமாகப் பிறந்ததை வாரம் ஒரு பகுதியாகச் சொன்னால் மணிமேகலைக்கும் சேந்தன் அமுதனுக்கும் இடம் கிடைக்கும். அவசரமில்லாமல், நல்ல பொருட்செலவில் யாராவது அதைச் செய்ய வேண்டும்.

கரிகாலனிலிருந்து தங்கலான்வரை

ஆதித்த கரிகாலனாக நடித்த விக்ரம், அடுத்துப் பா. ரஞ்சித்தின் 'தங்கலான்' படத்துக்காகக் கோமணம் கட்டிக்கொண்டு தங்கவயலுக்கே வந்தார். 2024 ஆகஸ்ட் 15-ல் வெளிவந்த அந்தப் படம், வடாற்காட்டு உழைப்பாளி ஒருவன் தங்கம் தேடிப் போகும் கதை. நாவல் எதிலிருந்தும் எடுத்ததில்லை. ஆனால் சோழ இளவரசனின் கவசத்தையும் சுரங்கத் தொழிலாளியின் மண்ணையும் ஒரே உடல் அடுத்தடுத்துச் சுமந்தது, இந்த ஊர்க்காரருக்குச் சாதாரணச் செய்தியில்லை. நூற்றிருபது ஆண்டுகளில் சுமார் 800 டன் தங்கம் வெட்டிக்கொடுத்து, 2001 பிப்ரவரி 28-ல் சுரங்கம் மூடியதும் வேலையிழந்து, இன்று விடிகாலை ரயிலில் பெங்களூருக்குக் கூலிக்குப் போய்வரும் மக்களின் கதைக்கும் ஐந்து பாகம் எழுத இடமிருக்கிறது. எழுதுகிறவர்கள் தங்கவயலிலிருந்தே வர வேண்டும். எழுத்தாக நிலைத்தது என்றைக்காவது திரைக்கு வரும். எழுதாமல் விட்டது, சுரங்கக் கழிவு குவிந்த சைனைடு மேட்டுப் புழுதிபோலக் காற்றோடு போய்விடும்.

கடைசியாக ஒன்று. நாவலில் குடந்தை சோதிடர், அருள்மொழியைக் காதலிக்கும் வானதிக்குப் பிறக்கப்போகும் பிள்ளை போகும் இடமெல்லாம் வெற்றிகொள்வான் என்று சொல்கிறார். கல்கி அந்தப் பிள்ளையின் கதையை எழுதவில்லை, படமும் அங்கே போகவில்லை. அந்தப் பிள்ளைதான் ராஜேந்திர சோழன். ராஜராஜன் என்று பட்டமேற்ற அருள்மொழியின் காலத்திலேயே கங்கநாடு சோழர் கைக்கு வந்து, கோலார் வட்டாரம் நிகரிலிசோழ மண்டலமானது. தங்கவயலிலிருந்து சுமார் 30 கிலோமீட்டரில், கோலார் நகரில், கோலாரம்மா கோயில் இருக்கிறது. அதன் கல்லில் ராஜேந்திரன் காலத்துத் தமிழ் எழுத்து ஆயிரம் ஆண்டாக நிற்கிறது. அம்மனைப் பிடாரியார் என்று அது சொல்கிறது. படம் பார்த்துவிட்டுத் தஞ்சாவூருக்குப் பேருந்து ஏறிய தங்கவயல் பிள்ளைகள், ஒருநாள் அந்தக் கோயிலுக்கும் போய்வர வேண்டும். பொன்னியின் செல்வனின் மகன் பெயர் அங்கே தமிழிலேயே எழுதியிருக்கிறது.

(தொடரும்)